லோடு வண்டியும் ஓட்டுப்பெட்டியும்

நேயர்களுக்கு வணக்கம். நம் வானொலியில் இந்த நேரத்தில் வழக்கமாக வலை, கடல், காற்று என்று பேசுவார்கள். இன்றைக்குக் கம்ப்யூட்டர் கேமைப் பற்றிப் பேச அறுபது தாண்டிய ஒரு ஆளைக் கூப்பிட்டு உட்கார வைத்திருக்கிறார்கள். சிரிப்பவர்கள் சிரித்துவிடுங்கள். எங்கள் வீட்டில் பத்து வருடமாகச் சிரித்துக்கொண்டுதான் இருக்கிறார்கள்.

நான் ராமேஸ்வரம் தீவில் தங்கச்சிமடத்துக்காரன். 1983-இல் ஒரு ஐஸ் கம்பெனியில் கணக்கு எழுதச் சேர்ந்து, 31 வருடம் அதே நாற்காலியில் இருந்தேன். வேலை முடிந்து வீட்டுக்கு வந்தபோது, மகன் வெளிநாடு போகும்போது விட்டுப்போன பழைய லேப்டாப் ஒன்று இருந்தது. அதில் ஒரே ஒரு கேம். பெயர் டிராப்பிகோ. அன்றைக்குப் பிடித்தது, இன்னும் விடவில்லை.

தெரியாதவர்களுக்கு இரண்டு வரியில் சொல்லிவிடுகிறேன். கரீபியன் கடலில் ஒரு கற்பனைத் தீவு. நீங்கள்தான் அதன் அதிபர். அரண்மனை, கப்பல் துறை, கொஞ்சம் வயல், கஜானாவில் கொஞ்சம் பணம், அவ்வளவோடு 1950-இல் விட்டுவிடுவார்கள். வீடு கட்டலாம், சட்டம் போடலாம், தேர்தல் வைக்கலாம், வைக்காமலும் இருக்கலாம். நாற்காலியை விடாமல் ஆட்டத்தை முடிக்க வேண்டும். 2001-இல் முதல் பாகம் வந்தது. நான் அதிகம் ஆடியது 2009-இல் வந்த மூன்றாம் பாகம், பல்கேரியாக்காரர்கள் செய்தது. அதில் ஒரு வானொலி அறிவிப்பாளர் கூட உண்டு, ஹுவானிட்டோ என்று பெயர். நாம் சொதப்பியதை எல்லாம் ஊருக்கே கேட்கும்படி சிரித்துச் சிரித்துச் சொல்வான். இங்கே இருக்கிற தம்பிகள் அப்படி இல்லை, மரியாதையானவர்கள்.

சரி, எப்படித் தோற்போம் என்று முதலில் தெரிந்துகொள்ள வேண்டும். தேர்தலில் தோற்கலாம். வெறுப்பானவர்கள் காட்டுக்குள் போய்த் துப்பாக்கி எடுக்கலாம். நம்முடைய ராணுவமே நம்மைத் தூக்கி எறியலாம். அமெரிக்காவோ சோவியத்தோ கோபப்பட்டுக் கப்பலை அனுப்பலாம். இந்த நாலில் கடைசி மூன்றைப் பற்றித்தான் பையன்கள் கவலைப்படுவார்கள், வெடிச்சத்தம் கேட்கிறதல்லவா. நான் பார்த்தவரை பெரும்பாலும் ஆளைக் கவிழ்ப்பது சத்தமே இல்லாத விஷயம். தூரம். வீட்டுக்கும் வேலைக்கும் இடையில் இருக்கிற தூரம், விளைந்த இடத்துக்கும் விற்கிற இடத்துக்கும் இடையில் இருக்கிற தூரம். இன்று நான் சொல்ல வந்ததே இதுதான், நடுவில் வேறு எங்காவது போனாலும் திரும்ப இங்கேதான் வருவேன்.

என் முதல் ஆட்டத்தை விட்டுவிடுங்கள். ஊர்ப்பாசத்தில் கரையெல்லாம் மீன்துறையாகக் கட்டி வைத்தேன், ஒரே வருடத்தில் கடன். இரண்டாவது ஆட்டம்தான் பாடம். மலைக்கு அந்தப் பக்கம் நல்ல மண் இருந்தது, புகையிலை போட்டேன். சுருட்டு ஆலையைத் துறைமுகத்துப் பக்கம் கட்டினேன், கப்பலுக்குப் பக்கம் என்று கணக்கு. அரண்மனைக்கு எதிரில் அடுக்குமாடி வீடுகள், பார்க்க அழகாக இருக்கட்டும் என்று. ஆட்டத்துக்குள் அல்மனாக் என்று ஒரு புத்தகம் உண்டு, நம் பஞ்சாங்கம் மாதிரி. அதில் வரவு, செலவு, யார் நம் பக்கம், யார் எதிர்ப்பக்கம், எல்லாம் இருக்கும். என் பஞ்சாங்கத்தில் வீடு காலி என்று வருகிறது. வீடில்லாமல் குடிசையில் இருக்கிறார்கள் என்றும் வருகிறது. புகையிலை மூட்டை மூட்டையாகக் கிடக்கிறது. ஆலையில் இலை இல்லாமல் ஆள் சும்மா நிற்கிறான். எனக்கு ஒன்றும் புரியவில்லை. விளைச்சல் போதவில்லை போல என்று இன்னொரு தோட்டம் போட்டேன். நிலைமை இன்னும் மோசமானது. தேர்தல் வந்தது, சில ஓட்டில் தோற்றேன். ஆட்டம் முடிந்தது.

இரண்டு நாள் தூக்கம் வரவில்லை என்றால் நம்புங்கள். பழைய சேவ் ஒன்று இருந்தது, அதாவது ஆட்டத்தை நடுவில் பதிந்து வைத்தது, அதைத் திறந்தேன். இந்த ஆட்டத்தில் ஒரு நல்ல வசதி, தீவில் யாரை வேண்டுமானாலும் தொட்டுப் பார்க்கலாம். பெயர், வயது, குடும்பம், வீடு, வேலை, மனதில் என்ன குறை, எந்தக் கட்சிப் பக்கம், எல்லாம் தெரியும். புகையிலைத் தோட்டத்தில் வேலை பார்க்கிற ஒரு பெண்ணைத் தொட்டு, அவள் பின்னாலேயே போனேன். ஒரு சாயங்காலம் முழுக்க. காலையில் குடிசையிலிருந்து கிளம்புகிறாள். வழியில் பசி, சந்தைக்கு நடக்கிறாள். சந்தை அரண்மனைப் பக்கம். அங்கிருந்து கோயில், அதாவது சர்ச், அது துறைமுகப் பக்கம். அப்புறம் மலையேறித் தோட்டம். தோட்டத்தில் இருந்த நேரம் எவ்வளவு என்று நினைக்கிறீர்கள்? இலையில் கை வைத்தாளோ இல்லையோ, திரும்ப வீட்டுக்குக் கிளம்பிவிட்டாள். என் வீட்டுக்காரி பின்னால் வந்து நின்று, "என்னங்க, ஒரு மணி நேரமா அந்தப் பொண்ணையே பார்த்துக்கிட்டு இருக்கீங்க?" என்றாள். புகையிலைக்காரி என்று அவளுக்குப் பெயரே வைத்துவிட்டார்கள் எங்கள் வீட்டில். இப்போதும் நான் எதையாவது யோசித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தால், புகையிலைக்காரி ஞாபகமா என்று கேட்பாள்.

அவளை விட்டுவிட்டு மூட்டைகளைப் பார்த்தேன். இந்த ஆட்டத்தில் சரக்கு தானாக நகராது. தோட்டத்திலிருந்து ஆலைக்கு, ஆலையிலிருந்து துறைக்கு, வயலிலிருந்து சந்தைக்கு, எதுவானாலும் சுமக்க ஆள் வேண்டும். அதற்கென்று ஒரு கட்டடம் இருக்கிறது, நான் அதை லோடு ஆபீஸ் என்பேன். ஆட்டம் தொடங்கும்போது ஒன்று கொடுப்பார்கள். நான் அந்த ஒன்றோடு விட்டுவிட்டேன். கையளவு லோடுமேன்கள் ஒரு தீவையே சுமந்துகொண்டிருந்தார்கள். அதில் நான் இன்னொரு தோட்டம் வேறு போட்டுக் கொடுத்தேன்.

இதை 31 வருடம் ஐஸ் கம்பெனியில் இருந்தவன் கண்டுபிடிக்க இரண்டு நாள் ஆனது பாருங்கள், அதுதான் வெட்கம். நம் ராமேஸ்வரம் தீவுக்கு ரோடு பாலம் திறந்தது 1988-இல். அதற்கு முன்னால் மண்டபத்துக்குப் போக ரயில்தான், 1914-இல் போட்ட ரயில் பாலம்தான். நான் வேலைக்குச் சேர்ந்த முதல் அஞ்சு வருடம் மீன் பெட்டி ரயிலேறித்தான் போகும். படகு நிறைய மீன் வந்திருக்கும். ஐஸ் பார் உடைத்துத் தயாராக இருக்கும். ஏற்ற இடம் இருக்காது. மதியத்துக்குள் விலை பாதியாகும், சாயங்காலம் கருவாட்டுக்குப் போகும். மீன் இருந்தது, ஐஸ் இருந்தது, வாங்க ஆள் மதுரையில் இருந்தான். கையில் காசு மட்டும் இல்லை. (இன்றைக்குக் கருவாடு விற்கிற விலைக்கு அது நஷ்டமா என்று கேட்காதீர்கள், அது வேறு பேச்சு.) பாலம் திறந்த பிறகு லாரி துறைக்கே வந்தது. கடலில் மீன் கூடவில்லை, கணக்குப் புத்தகத்தில் மட்டும் பணம் கூடியது. அந்தப் புத்தகத்தை என் கையால் எழுதியவன் நான்.

அதனால் சொல்கிறேன். கேமில் ஆலை கட்டும் முன் இரண்டாவது லோடு ஆபீஸ் கட்டுங்கள். தோட்டத்துக்குப் பக்கத்தில் கட்டுங்கள், அரண்மனைக்குப் பக்கத்தில் வேண்டாம். கட்டுமான ஆபீஸும் இன்னொன்று போடுங்கள், கொத்தனாரும் நடந்துதான் வருவார், அவரும் தூரத்தில் இருந்தால் வீடு கட்டி முடிய வருடக்கணக்காகும். வேலை இருக்கிற இடத்தில் வீடு, வீட்டுக்குப் பக்கத்தில் சந்தை. அழகு பிறகு. காரேஜ் கட்ட முடிந்ததும் கட்டுங்கள், ஜனங்கள் வண்டியில் போவார்கள்.

பழைய சேவிலிருந்து அதே தீவை இப்படித் திருத்தினேன். தோட்டம் அதே, ஆலை அதே, புகையிலைக்காரியும் அதே. புதிதாக ஒரு மரம் கூட நடவில்லை. அந்தத் தேர்தலில் ஜெயித்தேன். அவள் யாருக்குப் போட்டாள் என்று தொட்டுப் பார்த்தேன். சொல்ல மாட்டேன்.

தேர்தலைப் பற்றிச் சொல்ல வேண்டும். மக்கள் தேர்தல் கேட்பார்கள். வைக்கிறேன் என்றால் சில மாதம் கழித்து ஓட்டு. அந்த நேரத்தில்தான் பையன்கள் ஆஸ்பத்திரி கட்ட ஆரம்பிப்பார்கள். முடியாது தம்பி, அஸ்திவாரம் தோண்டும்போதே ஓட்டு எண்ணி முடித்திருப்பார்கள். அந்தச் சில மாதத்தில் பலன் தருவது இரண்டுதான்: கூலியைக் கூட்டுங்கள், வாடகையைக் குறையுங்கள். இரண்டும் அன்றைக்கே நடக்கும். இது ஓட்டுக்குப் பணமா என்று பக்கத்து வீட்டுக்காரர் கேட்டார். கட்டடம் கட்டடமாகப் போய், எந்தத் துறைக்கு எவ்வளவு கூலி என்று நிதானமாக ஏற்றுவதைப் பணம் என்று சொல்வதானால் சொல்லிக்கொள்ளட்டும்.

தேர்தல் உரை என்றும் ஒன்று இருக்கிறது. ஒரு குறையை ஒத்துக்கொள்ளலாம், ஒரு கட்சியைப் புகழலாம், யார் மேலாவது பழி போடலாம், ஒரு வாக்குறுதி கொடுக்கலாம். புகழ்வதும் பழிப்பதும் இலவசம், தாராளமாகச் செய்யுங்கள். வாக்குறுதியில் மட்டும் ஜாக்கிரதை. ஜெயித்த பிறகு அதைக் கணக்கில் வைத்திருப்பார்கள், செய்யவில்லை என்றால் அடுத்த முறை வலிக்கும். பாதி கட்டிக்கொண்டிருக்கிற வீட்டை வைத்து வீட்டுவசதி தருகிறேன் என்று சொல்லுங்கள். நான் எப்போதும் அப்படித்தான்.

கட்சிகள் ஏழு. கம்யூனிஸ்ட், முதலாளிப் பக்கம், மதம், ராணுவப் பக்கம், படித்தவர்கள், சுற்றுச்சூழல், தேசியம் என்று. எல்லோரையும் சந்தோஷப்படுத்தப் போய்த்தான் புதிதாக ஆடுகிறவர்கள் கஜானாவைக் காலி பண்ணுகிறார்கள். ஒன்றைக் கவனியுங்கள், ஒரே ஆள் இரண்டு மூன்று கட்சியில் இருப்பான். சர்ச்சுக்குப் போகிறவனே கம்யூனிஸ்டாகவும் இருப்பான். நம் கரையில் விசைப்படகுக்காரர், நாட்டுப்படகுக்காரர் என்று இரண்டு பக்கம் உண்டு, வாரத்தில் இன்ன நாள் இவர்கள், இன்ன நாள் அவர்கள் என்று கடலுக்குப் போக முறை வைத்திருக்கிறோம். ஆனால் ஒரே குடும்பத்தில் அண்ணன் விசைப்படகு, தம்பி நாட்டுப்படகு இல்லையா? அந்த வீட்டுக்குத் தண்ணீர்க் குழாய் வந்தால் இரண்டு பேருக்கும் சந்தோஷம். அப்படித்தான். சாப்பாடு, வீடு, வைத்தியம், இந்த மூன்றும் எந்தக் கொடியைப் பிடித்தவனுக்கும் பிடிக்கும். பஞ்சாங்கத்தில் எந்தக் கட்சிக்கு ஆள் அதிகம் என்று பார்த்து, முதல் இரண்டை மட்டும் தனியாகக் கவனித்தால் போதும்.

பணம் பற்றி ஒரு வார்த்தை. கப்பல் தினம் வராது, இடைவெளி விட்டுத்தான் வரும். கப்பல் வருவதற்கு முன் கஜானா காய்ந்து கிடக்கும், அந்த நேரத்தில் பெரிய கட்டடத்தில் கை வைக்காதீர்கள். ஏப்ரல் 15-இலிருந்து ஜூன் 14 வரை 61 நாள் படகைக் கட்டி வைத்துவிட்டு வீட்டுச் செலவை ஓட்டுகிற நம் பெண்களுக்கு இதை நான் சொல்லித்தர வேண்டியதில்லை. அவர்கள் ஆடினால் முதல் நாளிலேயே ஜெயிப்பார்கள்.

பேரன் இப்போது ஆறாம் பாகம் ஆடுகிறான், 2019-இல் வந்தது. அதில் ஒரு தீவு இல்லை, தீவுக்கூட்டம். ஒன்றிலிருந்து ஒன்றுக்குப் பாலம் கட்டலாம். முதலில் பாலத்தைக் கட்டுடா என்றேன். "தாத்தா, ஹோட்டல் கட்டினா டூரிஸ்ட் வருவான், காசு வரும்" என்றான். எப்படிடா வருவான் என்றேன். 2022 டிசம்பரில் பழைய ரயில் பாலத்தை நிறுத்தி, 2025 ஏப்ரலில் புதுசு திறக்கும் வரை நம் தீவுக்கு ரயில் இல்லாமல் இருந்தது அவனுக்கு நன்றாகத் தெரியும். மண்டபத்தில் இறங்கிப் பஸ் ஏறி, பையைச் சுமந்துகொண்டு வந்தவன்தானே அவனும்...

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தம்பி இரண்டு விரலைக் காட்டுகிறார். இரண்டு நிமிடமா, இரண்டு வரியா தெரியவில்லை. ராணுவத்தைப் பற்றியும் வல்லரசுகளைப் பற்றியும் தனியாக எழுதி வைத்திருந்தேன், தாளை மடிக்கிறேன். அவசரமாக: சிப்பாய் எண்ணிக்கை குறைவாக இருக்கட்டும், கூலி நிறைவாக இருக்கட்டும், அவர்களுக்கு வீடும் பக்கத்திலேயே இருக்கட்டும். பசித்த ராணுவம் காட்டுக்காரனை விட ஆபத்து. அமெரிக்காவையும் சோவியத்தையும் ஒரே வருடத்தில் கோபப்படுத்தாதீர்கள். ஓட்டில் தில்லுமுல்லு செய்ய ஒரு பொத்தான் இருக்கிறது, அமுக்கிப் பார்த்தேன், ஜெயித்தேன், அடுத்த வருடம் காட்டில் ஆள் கூடியது. சுவிஸ் பேங்க் கணக்கு என்று ஒன்று உண்டு, கஜானாப் பணத்தை அதில் ஒதுக்கலாம், கடைசியில் மதிப்பெண் கூடும். அதில் நான் எவ்வளவு ஒதுக்கினேன் என்று வீட்டில் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

தம்பி ஒரு விரல் காட்டுகிறார். நன்றி, வணக்கம்.