வரிசைக்குத் திரும்புகிறவர்

அவைக்கு வணக்கம். பேச்சைத் தொடங்கும் முன் ஒரு திருத்தம். அழைப்பிதழில் ஆண்டி ஃபாரெலைப் பற்றி 'அயர்லாந்து ரக்பி வீரர், பயிற்சியாளர்' என்று அச்சாகிவிட்டது. பயிற்சியாளர் என்பது சரி. ஆட்டக்காரராக அவர் ஒரு நாளும் அயர்லாந்தின் பச்சைச் சட்டையை அணிந்ததில்லை. ஆண்டி ஃபாரெல் 1975-இல் வட இங்கிலாந்தின் விகன் நகரத்தில் பிறந்தவர். பெயரைக் கேட்டதும் உங்களுக்குப் பழனிமலை நினைவுக்கு வந்தால் அதற்கு நான் பொறுப்பல்ல.

விகன் என்றால் நிலக்கரிச் சுரங்கமும் பஞ்சாலையும். அங்கே ரக்பி என்றால் ரக்பி லீக். இது ஏன் தனி ஆட்டமாயிற்று என்று தெரிந்தால்தான் இவர் கதை புரியும். அந்தக் காலத்தில் சுரங்கத் தொழிலாளி சனிக்கிழமை பந்தாடப் போனால் அன்றைய கூலி போயிற்று. அதற்கு ஈடாக ஆறு ஷில்லிங் கொடுக்கலாம் என்றன வடக்கத்திக் கழகங்கள். காசு வாங்கி ஆடுவது கண்ணியமல்ல என்றார்கள் ரக்பி சங்கத்தை நடத்தியவர்கள். கூலியை நம்பி வாழாதவர்களுக்குக் கண்ணியம் மலிவாகத்தான் கிடைக்கும்! 1895 ஆகஸ்டில் ஹடர்ஸ்ஃபீல்டில் ஒரு ஓட்டலில் கூடிய வடக்கத்திக் கழகங்கள் பிரிந்துபோயின. பிரிந்தவர்களின் ஆட்டம் லீக், பழைய சங்கத்தின் ஆட்டம் யூனியன். லீக்கில் காசுக்கு ஆடியவருக்கு யூனியனின் கதவு சாத்தப்பட்டது. அது திறந்தது 1995-இல், சரியாக நூறு ஆண்டு கழித்து. ஃபாரெலுக்கு அப்போது இருபது வயது.

பிரிந்த ஆட்டம் உருவத்திலும் மாறியது. யூனியனில் பதினைந்து பேர், லீக்கில் பதின்மூன்று பேர். யூனியனில் பந்து வைத்திருப்பவன் விழுந்தால் அந்தப் பந்துக்காக அங்கேயே ஒரு மல்லுக்கட்டு நடக்கும். லீக்கில் அது கிடையாது. விழுந்தவன் எழுந்து, பந்தைக் காலால் பின்னுக்கு உருட்டி ஆட்டத்தைத் தொடர்வான். ஆறு முறை வீழ்த்தினால் பந்து எதிரணிக்கு. ஆகவே தடுப்பவனின் வேலை என்ன? வீழ்த்த வேண்டும், எழ வேண்டும், பத்து மீட்டர் பின்னால் ஓடி வரிசையில் நிற்க வேண்டும், மறுபடி முன்னால் பாய வேண்டும். எண்பது நிமிடமும் இதுதான். வரிசையில் ஒருவன் எழத் தாமதித்தால் அந்த இடம் ஓட்டை. ஃபாரெல் பிற்பாடு ஊர் ஊராகப் போய்ச் சொல்லிக்கொடுத்ததெல்லாம் இந்தப் பாடத்தின் வெவ்வேறு அத்தியாயங்கள் என்பது என் எண்ணம்.

பதினாறு வயதில் விகன் அணிக்கு ஆடத் தொடங்கினார். அதே 1991-இல் அவருக்கு ஒரு மகன் பிறந்தான். பையன் பெயர் ஓவன். அவனிடம் பிறகு வருகிறேன். இருபத்தொரு வயதில் கிரேட் பிரிட்டன் அணிக்குக் கேப்டன். லீக்கின் ஆண்டுச் சிறந்த ஆட்டக்காரருக்கான 'மேன் ஆஃப் ஸ்டீல்' விருது இரண்டு முறை, 1996-லும் 2004-லும். விகனுக்காக எடுத்த புள்ளிகள் 3,000-க்கு மேல்.

அந்த உச்சியிலிருந்து 2005-இல் யூனியனுக்குத் தாவினார். காயங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. இங்கிலாந்துக்கு ஆடியது மொத்தம் எட்டே ஆட்டங்கள். 2009-இல் ஓய்வு. பிறகு இங்கிலாந்தின் பயிற்சியாளர் குழுவில் சேர்ந்தார். 2015 உலகக் கோப்பையில் சொந்த மண்ணிலேயே இங்கிலாந்து முதல் சுற்றைத் தாண்டாமல் வெளியேறியபோது பழியில் அவருக்கும் பங்கு விழுந்தது. வேலையும் போயிற்று.

அயர்லாந்து அழைத்தது அப்போதுதான். லீக்கிலிருந்து ஆள் எடுப்பது அவர்களுக்குப் புதிதல்ல. அவருக்கு முன் அங்கே தடுப்பாட்டம் கற்பித்த லெஸ் கிஸ், ஆஸ்திரேலிய லீக் ஆட்டக்காரர். எதிரியைக் கீழே சாய்க்காமல், பந்தோடு சேர்த்து அணைத்து நிறுத்திவைக்கும் பிடியை அயர்லாந்தின் அடையாளமாக்கியவர் அவர். நிறுத்திவைத்து ஆட்டம் அசையாமல் போனால் பந்து தடுத்தவர்களுக்கு வந்துவிடும். அந்தக் கடையைத்தான் ஃபாரெல் ஏற்று நடத்தினார். 2016 நவம்பரில் சிகாகோவில் நியூசிலாந்தை அயர்லாந்து 40-29 என்று வென்றது. இரு நாடுகளும் மோதத் தொடங்கி 111 ஆண்டுகளில் முதல் வெற்றி.

2019 உலகக் கோப்பைக்குப் பிறகு தலைமைப் பயிற்சியாளர் ஆனார். 2022-இல் நியூசிலாந்துக்கே போய், முதல் ஆட்டத்தில் உதை வாங்கி, அடுத்த இரண்டையும் வென்று தொடரைக் கைப்பற்றினார். 2023 மார்ச்சில் டப்ளினில் இங்கிலாந்தை 29-16 என்று வென்று ஆறு நாடுகள் போட்டியில் ஒரு தோல்வியும் இல்லாமல் பட்டம். அன்று எதிரணிக் கேப்டன் யார் தெரியுமா? அந்த ஓவன்தான். அப்பா கோப்பையை வாங்க, பிள்ளை தோற்றுப்போய் நிற்கிறான். வீட்டுக்குப் போனதும் அம்மா யார் பக்கம் பேசியிருப்பார் என்று எனக்கு இன்றுவரை யோசனை.

இனி 2023 அக்டோபர் 14, பாரிஸ். உலகக் கோப்பைக் காலிறுதி. தொடர்ந்து 17 வெற்றிகளோடு வந்திருக்கிறது அயர்லாந்து. எதிரே நியூசிலாந்து. கடைசிப் பத்து நிமிடத்துக்குள் 28-24, அயர்லாந்து பின்னால். ரோனன் கெல்லஹர் பந்தோடு கோட்டைத் தாண்டிவிட்டார். தரையில் பந்தை வைத்தால் போதும். வைக்க முடியவில்லை. நியூசிலாந்தின் ஜோர்டி பாரெட் அடியில் புகுந்து, பந்துக்கும் புல்லுக்கும் நடுவே தன் உடம்பைக் கொடுத்துவிட்டார். பந்தை மண்ணில் படவிடாமல் தாங்கிப் பிடிப்பது! அயர்லாந்து எந்த வித்தையால் பெயர் வாங்கியதோ, அதே வித்தை.

அதோடும் முடியவில்லை. கடைசியில் பந்து மறுபடி அயர்லாந்தின் கையில். 37 முறை மோதினார்கள். நேரம் கடந்தும் ஆட்டம் நிற்கவில்லை. நான் அயர்லாந்துக்காரர்களைப் பார்ப்பதை விட்டுவிட்டுக் நியூசிலாந்தின் கறுப்புச் சட்டைகளையே பார்த்துக்கொண்டிருந்தேன். வீழ்த்துகிறார்கள், எழுகிறார்கள், பின்வாங்கி வரிசையில் நிற்கிறார்கள். தப்பாட்டம் ஒன்றுகூட இல்லை. கடைசியில் சாம் வைட்லாக் குனிந்து பந்தின்மேல் கை வைத்தார், நடுவர் ஊதினார். தன் பாடத்தை எதிரணி ஒப்பிப்பதைப் பார்த்துத் தோற்ற ஆசிரியர் நிலைமை ஃபாரெலுடையது.

அந்த ஆண்டின் சிறந்த பயிற்சியாளர் விருதை உலக ரக்பி அமைப்பு அவருக்கே கொடுத்தது. உலகக் கோப்பையில் அயர்லாந்து காலிறுதியைத் தாண்டியதே இல்லை என்ற கணக்கு மட்டும் அப்படியே இருக்கிறது.

2025-இல் இங்கிலாந்து, ஸ்காட்லாந்து, வேல்ஸ், அயர்லாந்து என்று நான்கு நாட்டு ஆட்டக்காரர்களும் சேரும் லயன்ஸ் அணியோடு ஆஸ்திரேலியா போனார். நடுவில் ஒருவர் காயப்பட, மாற்றாக ஓவனை அழைத்தார். வாரிசு அரசியல் என்று முணுமுணுப்பு எழாமல் இருக்குமா? மெல்பர்னில் இரண்டாவது டெஸ்ட். 90,000 பேர் கூட்டம். அரை மணிக்குள் லயன்ஸ் 23-5 என்று பின்தங்கிவிட்டது. மாற்று ஆட்டக்காரர் வரிசையில் பிள்ளை, மேலே பயிற்சியாளர் இருக்கையில் அப்பா. ஒவ்வொரு புள்ளியாக எட்டிப்பிடித்து, கடைசி நிமிடத்தில் அயர்லாந்தின் ஹ்யூகோ கீனன் மூலையில் பந்தை ஊன்றினார். அதற்கு முன் ஒரு தவறு நடந்ததா என்று நடுவர்கள் திரையில் திரும்பத் திரும்பப் பார்த்தார்கள். அத்தனை பேரும் காத்திருந்தார்கள். பிறகு நடுவர் தீர்ப்பைச் சொன்னார்: செல்லும். 29-26.