முகம் தெரிந்த பிறகு

வணக்கம், நேயர்களே. ஒரு குரலைப் பல ஆண்டுகள் கேட்டுவிட்டு, பாடியவரின் முகத்தைப் பார்த்ததும் "இவரா அது!" என்று திகைத்திருப்பீர்கள். அப்படி ஒரு முகத்தின் கதைதான் இது.

1956, நியூயார்க். பள்ளிக்கூடப் பையன்கள் ஐந்து பேர். மூவர் கறுப்பினத்தவர், இருவர் போர்ட்டோ ரிக்கோ வம்சாவளி. குழுவின் பெயர் 'தி டீனேஜர்ஸ்'. ஷெர்மன் கார்னஸ் அடிக்குரலில் "டும் டடி டும்" என்று தொடங்குவான். வாத்தியம் செய்யவேண்டிய வேலையைத் தொண்டை செய்யும். அதன்மேல் 13 வயது ஃபிராங்கி லைமனின் உச்சக்குரல் ஏறும். 'வொய் டூ ஃபூல்ஸ் ஃபால் இன் லவ்' என்ற அந்த இசைத்தட்டு கடல் கடந்து இங்கிலாந்தில் முதலிடம் பிடித்தது.

அதே ஆண்டில் சினிமா கூப்பிட்டது. படம் 'ராக், ராக், ராக்!'. பள்ளி நடனத்துக்கு ஒரு பெண் கவுன் வாங்கப் படும் பாடுதான் கதை. அதைக் கதை என்பதைவிட, பாட்டுகளைக் காயப்போடக் கட்டிய கொடி என்று சொல்லலாம். நாயகி டியூஸ்டே வெல்டுக்கும் அப்போது 13 வயதுதான். அவர் வாயசைக்க, பாடியவர் கானி ஃபிரான்சிஸ். பின்னணிப் பாடல்களிலேயே வளர்ந்த நமக்கு இது அதிசயமா என்ன? டீனேஜர்ஸ் பையன்களோ தங்கள் சொந்தக் குரலுக்கே வாயசைத்தார்கள். 'நான் தறிகெட்ட பையன் அல்ல' என்று பொருள்படும் பாட்டு. இந்த ராக் அண்ட் ரோல் இசையே பிள்ளைகளைக் கெடுக்கிறது என்று பெற்றோர் புலம்பிய காலம் அது. யாருக்குச் சொன்ன பதில் என்று விளக்க வேண்டியதில்லை.

திரைப்படத்தோடு நின்றிருந்தால் நான் இங்கே வந்திருக்க மாட்டேன். 1957 ஜூலை. அந்தப் படத்திலும் வந்த வானொலி அறிவிப்பாளர் ஆலன் ஃப்ரீட், ஏபிசி தொலைக்காட்சியில் 'தி பிக் பீட்' நிகழ்ச்சி நடத்தினார். அதில் கறுப்பினச் சிறுவனான ஃபிராங்கி ஒரு வெள்ளைக்காரச் சிறுமியோடு ஆடினான். சும்மா, பிள்ளைகள் ஆடுகிற ஆட்டம். கறுப்பரும் வெள்ளையரும் கலப்பதைப் பொறுக்காத அமெரிக்கத் தென் மாநிலத் தொலைக்காட்சி நிலையங்கள் கொதித்தெழுந்தன. சில வாரங்களில் நிகழ்ச்சியே நிறுத்தப்பட்டது. வெள்ளைக்காரப் பிள்ளைகள் காசு கொடுத்து வாங்கிய அதே இசைத்தட்டின் குரல்தான். மறுபடியும் சொல்கிறேன்: அதே குரல். முகமும் கையும் காலும் தெரிந்ததுதான் குற்றம்.

நிலையத்தார் கடிகாரத்தைக் காட்டுகிறார்கள். 'வொய் டூ ஃபூல்ஸ் ஃபால் இன் லவ்' பாட்டை எழுதியவர் யார் என்று நீதிமன்றம்வரை போன வழக்கை விரிவாகச் சொல்ல எண்ணியிருந்தேன், நேரமில்லை. ஃபிராங்கி 1968இல் இறந்தான், வயது 25. இப்போது அந்தப் பாட்டு ஒலிக்கும். தொடக்கத்தில் வரும் "டும் டடி டும்" ஷெர்மனுடையது, தவறவிடாதீர்கள்.