விடை 128 ஜூல். எனக்கு மட்டும் பதினாறு லட்சம் வருவது ஏன்?

அடுத்த கேள்வி ஒரு தம்பி அனுப்பியது. படிக்கிறேன்: “ஐயா, 160 கிராம் நிறையுள்ள கிரிக்கெட் பந்து மணிக்கு 144 கிலோமீட்டர் வேகத்தில் செல்கிறது, அதன் இயக்க ஆற்றலைக் காண்க என்பது கணக்கு. நிறையையும் வேகத்தின் வர்க்கத்தையும் பெருக்கிப் பாதியாக்கினேன். 16,58,880 வந்தது. புத்தகத்தின் பின்பக்கத்தில் விடை 128 ஜூல் என்று இருக்கிறது. யார் தவறு? அதோடு, அந்தப் பாதி எதற்கு?”

புத்தகம் சரிதான் தம்பி. உங்கள் பெருக்கலும் சரிதான், நானும் போட்டுப் பார்த்துவிட்டேன். பெருக்கத் தொடங்கும் முன்பே பிழை உள்ளே வந்துவிட்டது. விடை ஜூலில் வேண்டுமென்றால் நிறை கிலோகிராமில் இருக்க வேண்டும். வேகம் விநாடிக்கு இத்தனை மீட்டர் என்று இருக்க வேண்டும். நீங்கள் கிராமையும் மணிக்கணக்கையும் அப்படியே போட்டுவிட்டீர்கள்.

பலகையைப் பாருங்கள். 160 கிராம் என்றால் 0.16 கிலோகிராம். மணிக்கு 144 கிலோமீட்டர் என்றால் 3,600 விநாடியில் 1,44,000 மீட்டர். வகுத்தால் விநாடிக்கு 40 மீட்டர். வேகத்தை மட்டும் வர்க்கப்படுத்துங்கள், நிறையை அல்ல: 1,600. அதை 0.16-ஆல் பெருக்கினால் 256. பாதி 128.

இப்போது உங்கள் விடையை 128-ஆல் வகுத்துப் பாருங்கள். மிச்சமில்லாமல் 12,960 வரும். அதில் 1,000 மடங்கு கிராமால் வந்தது. மீதி 12.96 மடங்கு, 3.6-இன் வர்க்கம். மணிக்குக் கிலோமீட்டரை விநாடிக்கு மீட்டராக மாற்ற 3.6-ஆல் வகுக்க வேண்டும் அல்லவா? அதை மறந்தால் அந்த 3.6-உம் வேகத்தோடு சேர்ந்து வர்க்கமாகிவிடுகிறது. விடைத்தாள் திருத்தும்போது விடை ஏறக்குறைய 13 மடங்கு கூடியிருந்தால், வழிமுறையைப் படிக்காமலேயே எனக்குச் சங்கதி தெரிந்துவிடும்.

சரி, அந்தப் பாதி. இதைக் கேட்டதற்காகவே உங்களைப் பாராட்ட வேண்டும். பெரும்பாலோர் மனப்பாடம் செய்துவிட்டுப் போய்விடுவார்கள். இயக்க ஆற்றல் என்பது, நின்றிருந்த பந்தை அந்த வேகத்துக்குக் கொண்டுவர நாம் செய்த வேலை. வேலை என்பது விசை பெருக்கல் தொலைவு. நின்ற பந்தைச் சீராகத் தள்ளி, விநாடியில் பத்தில் ஒரு பங்கு நேரத்தில் 40 மீட்டர் வேகத்துக்குக் கொண்டுவருகிறோம் என்று வைத்துக்கொள்ளுங்கள். (பந்துவீச்சாளரின் கை இத்தனை சீராகத் தள்ளாது, கணக்குக்காகச் சொல்கிறேன்.) நிறை 0.16-ஐ வேகம் 40-ஆல் பெருக்கி, நேரம் 0.1-ஆல் வகுத்தால், அதற்கு 64 நியூட்டன் விசை வேண்டும் என்று வரும். அந்த நேரத்தில் பந்து எவ்வளவு தூரம் நகர்ந்திருக்கும்? 40-ஐ 0.1-ஆல் பெருக்கி 4 மீட்டர் என்று சொல்லிவிடாதீர்கள். பந்து தொடக்கத்திலிருந்தே 40-இல் ஓடவில்லை. சுழியில் தொடங்கி 40-க்கு ஏறியது. சராசரி 20. ஆகவே 2 மீட்டர். 64 பெருக்கல் 2, அதே 128. நீங்கள் தேடிய பாதி இந்தச் சராசரிக்குள்தான் இருக்கிறது. மெதுவாகத் தள்ளி இரண்டு மடங்கு நேரம் எடுத்தாலும் விசை 32 ஆகும், தொலைவு 4 ஆகும், விடை மாறாது.

வர்க்கம் என்பதை அறிஞர்களே எளிதில் ஒப்புக்கொள்ளவில்லை. 18-ஆம் நூற்றாண்டில் நெதர்லாந்தைச் சேர்ந்த கிராவெசாண்டே என்பவர் பித்தளைக் குண்டுகளை மெத்தென்ற களிமண்ணில் விழவிட்டுப் பார்த்தார். வேகம் இரண்டு மடங்கானால் குழி இரண்டு மடங்கு ஆகவில்லை, நான்கு மடங்கு ஆனது. பிரான்சின் எமிலி டு சாட்லே 1740-இல் வெளியிட்ட நூலில் இந்தச் சோதனையை முன்வைத்து வாதிட்டார். அந்தப் பாதியோ அதற்கும் வெகுகாலம் கழித்து, 1829-இல் கோரியோலி எழுதியபோதுதான் நிலைபெற்றது.

ஒரு சிறு வேலை தருகிறேன். அதே பந்தைச் சுழற்பந்து வீச்சாளர் மணிக்கு 72 கிலோமீட்டரில் வீசுகிறார். வேகம் பாதிதானே, 64 ஜூல் என்று உடனே எழுதிவிடாதீர்கள். 72-ஐ முதலில் மாற்றுங்கள், 20 வரும். பிறகு போட்டுப் பாருங்கள், 32 வர வேண்டும். வராவிட்டால் வழிமுறையோடு எழுதி அனுப்புங்கள், எந்த வரியில் சறுக்கியது என்று பார்த்துச் சொல்கிறேன். அடுத்த கேள்வி, உந்தத்தைப் பற்றியது.