இவெலூமோ அடித்த கோல்கள்

எல்லோருக்கும் வணக்கம்.

ஸ்காட்லாந்துக் கால்பந்து ஆட்டக்காரர் கிறிஸ் இவெலூமோவின் பெயரை நீங்கள் கேள்விப்பட்டிருந்தால், அநேகமாக ஒரே ஒரு காரணத்துக்காகத்தான் கேள்விப்பட்டிருப்பீர்கள். அதை முதலிலேயே பேசி முடித்துவிடலாம்.

2008 அக்டோபர் 11, கிளாஸ்கோவின் ஹாம்ப்டன் பார்க். உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில் ஸ்காட்லாந்தும் நார்வேயும் மோதுகின்றன. கோல் எதுவும் விழவில்லை. இரண்டாம் பாதியில் மாற்று ஆட்டக்காரராக இவெலூமோ இறங்குகிறார். வயது 30. நாட்டுக்காக ஆடும் முதல் ஆட்டம். கொஞ்ச நேரத்தில் கேரி நெய்ஸ்மித் இடது ஓரத்திலிருந்து தாழ்வாக ஒரு கிராஸ் கொடுக்கிறார். பந்து கோலுக்குக் குறுக்கே ஓடிவருகிறது. கோல் காலியாகக் கிடக்கிறது, தூரம் சுமார் 3 கஜம். காலை நீட்டினார், பந்தும் பட்டது, பட்டு கம்பத்துக்கு வெளியே போய்விட்டது. ஆட்டம் 0-0 என்று முடிந்தது.

அன்று கிரிஸ் பாய்ட் என்ற இன்னொரு ஸ்ட்ரைக்கர், அதாவது கோல் அடிக்கும் ஆட்டக்காரர், பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். அவரை இறக்கவே இல்லை. மறுநாளே அவர், ஜார்ஜ் பர்லி மேலாளராக இருக்கும்வரை இனி ஸ்காட்லாந்துக்கு ஆடமாட்டேன் என்று அறிவித்தார். அதோடு அந்த ஒரு வாய்ப்பு நாட்டுப் பிரச்சினையாகவே ஆகிவிட்டது. இவெலூமோவால்தான் உலகக் கோப்பை போச்சு என்று சொல்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள்.

அது உண்மையா? கணக்குப் போட்டுப் பார்ப்போம். அந்தக் குழுவில் நெதர்லாந்து முதலிடம். நார்வேக்கும் ஸ்காட்லாந்துக்கும் ஆளுக்கு 10 புள்ளிகள், கோல் வித்தியாசத்தில் நார்வே இரண்டாமிடம். ஐரோப்பாவில் மொத்தம் 9 குழுக்கள். இரண்டாமிடம் பிடித்த 9 அணிகளில் 8 அணிகளுக்குத்தான் பிளே-ஆஃப், அதாவது உலகக் கோப்பைக்குப் போக இன்னொரு வாய்ப்பு தரும் ஆட்டங்கள், உண்டு. வெளியே போன அந்த ஒரே அணி நார்வே. சரி, அந்தப் பந்து உள்ளே போய், மற்ற முடிவுகள் எல்லாம் அப்படியே இருந்திருந்தால்? ஸ்காட்லாந்துக்கு 12 புள்ளிகள், இரண்டாமிடம். ஆறு அணிகள் கொண்ட குழுக்களில் கடைசி அணியோடு ஆடிய ஆட்டங்களைக் கழித்துத்தான் இரண்டாமிட அணிகளை ஒப்பிட்டார்கள். அப்படிக் கழித்த பிறகு அயர்லாந்துக்கும் 12 புள்ளிகள்தான். ஆனால் கோல் வித்தியாசத்தில் அயர்லாந்து நன்றாகவே முன்னால் இருந்தது. ஆக, அந்தக் கோல் விழுந்திருந்தாலும் பிளே-ஆஃபுக்குப் போயிருப்பது அயர்லாந்துதான். பிரான்ஸுக்கு எதிராக தியேரி ஆன்ரியின் கை பட்ட பந்தால் வெளியேறியதே, அதே அயர்லாந்து. ஸ்காட்லாந்தின் கோல் வித்தியாசம் எங்கே கெட்டது? ஆம்ஸ்டர்டாமில் 3-0, ஆஸ்லோவில் 4-0 என்று வாங்கிய தோல்விகளில். அவற்றை யாரும் ஒருவர் தலையில் மட்டும் கட்டவில்லை.

இதை இவ்வளவு நேரம் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. ஏறக்குறைய இருபது ஆண்டுகள் உழைத்த ஒருவரை ஒரே நொடியில் அடைத்து வைத்திருக்கிறோம். எனக்கு அது பொறுக்கவில்லை. மீதி உழைப்பைத்தான் இன்று பேச வந்தேன்.

கிளாஸ்கோவுக்குக் கிழக்கே கோட்பிரிட்ஜ் என்று ஓர் ஊர். ஒருகாலத்தில் இரும்பு உலைகளுக்குப் பெயர்போனது. 1978-இல் அங்கே பிறந்தவர் இவெலூமோ. அப்பா நைஜீரியர். பெய்ஸ்லியில் இருக்கும் செயின்ட் மிரன் கிளப்பில் தொடங்கினார். இருபது வயதில் டென்மார்க்குக்குப் போய் ஆர்ஹுஸ் ஃப்ரெமாத் அணிக்கு ஆடினார். ஊரில் பெரிய கிளப் எதுவும் வாசலில் வந்து நிற்கவில்லை, அதனால் கடல் தாண்டினார். 2000-இல் ஸ்டோக் சிட்டி. அப்போது அந்த கிளப்பின் உரிமையாளர்களும் மேலாளரும் ஐஸ்லாந்துக்காரர்கள். நடுவே யார்க், செல்டனம் என்று லோனில், அதாவது தற்காலிகமாக வேறு கிளப்புக்கு ஆட, அனுப்பினார்கள். அப்புறம் பிரைட்டன், ஜெர்மனியில் ஆலெமானியா ஆஹன், கோல்செஸ்டர், சார்ல்டன், வுல்வ்ஸ், பிரிஸ்டல் சிட்டிக்கு லோன், பர்ன்லி, வாட்ஃபோர்ட். கடைசி ஆண்டுகளில் ஸ்கன்தார்ப், செயின்ட் ஜான்ஸ்டன் என்று பட்டியல் இன்னும் நீளும்.

கேட்கும்போது ஊர்சுற்றல் மாதிரி இருக்கும். உள்ளே இருப்பது வேறு. கீழ் டிவிஷன்களில் ஒப்பந்தம் பெரும்பாலும் ஓர் ஆண்டு, மிஞ்சினால் இரண்டு. சீசன் முடிந்ததும் மே மாதத்தில் கிளப் ஒரு பட்டியல் வெளியிடும், யாரை வைத்துக்கொள்கிறோம், யாரை விடுகிறோம் என்று. பெயர் இல்லாவிட்டால் ஜூன் 30-ஓடு சம்பளம் நின்றுவிடும். குழந்தைக்குப் பள்ளி எந்த ஊரில், வீட்டு வாடகை முன்பணம் எந்த ஊரில் என்பதெல்லாம் அந்த ஒரு தாளைப் பொறுத்தது. 1995-இல் வந்த போஸ்மன் தீர்ப்பு, ஒப்பந்தம் முடிந்தவர் விருப்பம்போல வேறு கிளப்புக்குப் போகலாம் என்று வழி திறந்தது. நட்சத்திரங்களுக்கு அது பணமழை. இவரைப் போன்றவர்களுக்கு, ஒவ்வொரு கோடையிலும் புதிதாக வேலை தேட வேண்டியிருந்தது.

அப்படியானால் ஏன் கிளப் மேல் கிளப்பாக அவரைக் கூப்பிட்டார்கள்? ஆறடி மூன்று அங்குல உயரம், அகலமான தோள். பின்னாலிருந்து உயர அடித்த பந்து வரும். முதுகில் ஒரு டிஃபெண்டர் இடித்துக்கொண்டும் சட்டையைப் பிடித்துக்கொண்டும் நிற்பார். அந்த இடியைத் தாங்கி, பந்தை நெஞ்சிலோ தலையிலோ வாங்கி, ஓடிவரும் சக ஆட்டக்காரர் காலடியில் போட வேண்டும். ஓர் ஆட்டத்தில் முப்பது, நாற்பது தடவை. வெள்ளிக்கிழமை ராத்திரி மழை பெய்த புல்தரையில், முழங்கை மூக்கில் பட்டபடி. இதில் பாதி எந்தப் புள்ளிவிவரத்திலும் ஏறாது.

2004-இல் மேல் டிவிஷனுக்கு ஏறுவதற்காகக் கார்டிஃபில் நடந்த பிளே-ஆஃப் இறுதி ஆட்டத்தைப் பாருங்கள். பிரைட்டனும் பிரிஸ்டல் சிட்டியும். கடைசி நிமிடங்கள் நெருங்கியும் கோல் இல்லை. பெனால்ட்டி பகுதிக்குள் இவெலூமோவைத் தள்ளி விழுத்தினார்கள். பெனால்ட்டியை லியான் நைட் அடித்தார், பிரைட்டன் 1-0 என்று ஜெயித்து மேலே போனது. ஆவணத்தில் கோல் நைட்டின் பெயரில்தான் இருக்கிறது, அது நியாயம்தான். ஆனால் விழுந்து எழுந்த ஆளை நான் மறக்கத் தயாராக இல்லை.

என் கண்ணில் அவருடைய மிகச் சிறந்த காலம் கோல்செஸ்டர். எசெக்ஸில் ஒரு சின்ன கிளப். லேயர் ரோடு என்ற அவர்களுடைய அன்றைய மைதானத்தில் ஆறாயிரம் பேர்கூட வசதியாக உட்கார முடிந்ததில்லை. 2006-இல் அந்த கிளப் தன் வரலாற்றிலேயே முதல்முறையாக இரண்டாம் டிவிஷனுக்கு ஏறியது. ஏற்றிய மேலாளர் ஃபில் பார்கின்சன் அந்தக் கோடையிலேயே ஹல் சிட்டிக்குப் போய்விட்டார். வந்த வேகத்தில் இறங்கிவிடுவார்கள் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். நவம்பரில் அதே பார்கின்சனின் ஹல், லேயர் ரோடுக்கு வந்தது. கோல்செஸ்டர் 5, ஹல் 1. ஐந்தில் நான்கு இவெலூமோ அடித்தவை. பார்கின்சனுக்கு அவருடைய பலம் என்ன என்று நன்றாகத் தெரியும், இரண்டு பேரும் ஒரே பயிற்சி மைதானத்தில் நின்றவர்கள். தெரிந்தும் தடுக்க முடியவில்லை. அடுத்த மாதத் தொடக்கத்தில் பார்கின்சன் வேலை இழந்தார். கோல்செஸ்டர் 10-ஆம் இடத்தில் சீசனை முடித்தது. இவெலூமோ லீகில் 18 கோல்கள். பக்கத்தில் ஆடிய ஜேமி கியூரட்டன் 23 கோல்கள் அடித்து டிவிஷனிலேயே முதலிடம்.

இரண்டு ஆண்டு கழித்து வுல்வ்ஸ். மேலாளர் மிக் மெக்கார்த்தி. அந்த இலையுதிர்காலத்தில் இவெலூமோ அடித்த கோல்கள்தான் ஸ்காட்லாந்தின் கதவைத் திறந்தன. அந்த சீசனில் அவர் லீகில் 14, கூட ஆடிய சில்வன் எபாங்க்ஸ்-பிளேக் 25. மறுபடியும் டிவிஷனின் முதல் கோல் வேட்டைக்காரர் இவருடைய ஜோடி. எபாங்க்ஸ்-பிளேக் முந்தைய ஆண்டிலும் முதலிடம் பிடித்தவர், அந்தப் பெருமையை முழுக்க இவெலூமோவுக்கு எழுதிவைக்க மாட்டேன். ஆனால் டிஃபெண்டர்கள் இரண்டு பேர் ஒரு பெரிய ஆளைப் பார்த்துக்கொண்டிருந்தால், சின்ன ஆளுக்கு இடம் கிடைக்கும். கியூரட்டனுக்கும் அதுதான் நடந்தது. வுல்வ்ஸ் சாம்பியன் ஆகி பிரீமியர் லீகுக்குப் போனது.

இங்கே ஒரு விஷயம். 2002-இல் ஸ்டோக், 2004-இல் பிரைட்டன், 2006-இல் கோல்செஸ்டர், 2009-இல் வுல்வ்ஸ். இந்த நான்கு கிளப்களும் இவெலூமோ அங்கே இருந்தபோது மேல் டிவிஷனுக்கு ஏறியவை. சர்வதேச அளவில் பேர் வாங்கிய எத்தனையோ ஸ்ட்ரைக்கர்கள் தங்கள் வாழ்நாளில் ஒரு தடவைகூட இதைப் பார்த்ததில்லை.

பிரீமியர் லீகில் அவர் கோல் அடிக்கவில்லை. அங்கே டிஃபெண்டர்கள் அவரைப் போலவே பெரியவர்கள், அவரைவிட வேகமானவர்கள். அதையும் சொல்லத்தான் வேண்டும். ஸ்காட்லாந்துக்கு மொத்தம் 4 ஆட்டங்கள், கோல் இல்லை.

அந்த அக்டோபருக்குப் பிறகு, கேலி செய்யும் பாட்டுகள் காதில் விழும் மைதானங்களில் அவர் ஆண்டுக்கணக்கில் ஆடினார். 2010-இல் பர்ன்லி வாங்கியபோது வயது 31. அந்த சீசனில் லீகில் 11 கோல்கள் அடித்தார். அடுத்த கோடையில் வாட்ஃபோர்ட் கூப்பிட்டது, பெட்டியைக் கட்டிக்கொண்டு போனார்.