கதை சரி, சாட்சி எங்கே? மனித உடலும் பரிணாமமும் பற்றிய புத்தகங்கள்

வணக்கம் நேயர்களே.

மனித உடல் எப்படி இப்படி ஆனது என்பதை எல்லோருக்கும் புரியும்படி சொல்லும் புத்தகங்கள் கடந்த முப்பது ஆண்டுகளில் நிறைய வந்துவிட்டன. உடற்கூறியல் கற்பிப்பது என் வேலை. வகுப்பில் சொல்ல நேரமில்லாத பல விஷயங்களுக்கு மாணவர்களை இந்தப் புத்தகங்களைத் தேடிப் படிக்கச் சொல்கிறேன். அவற்றில் எதை நம்பிப் படிக்கலாம், எந்த இடத்தில் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும் என்பதைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன்.

முதலில் ஒரு சின்னச் சோதனை. வண்டி ஓட்டிக்கொண்டிருப்பவர்கள் அப்புறம் செய்து பாருங்கள். உள்ளங்கையை மேல்நோக்கி வைத்து, கட்டைவிரல் நுனியையும் சுண்டுவிரல் நுனியையும் சேருங்கள். அப்படியே மணிக்கட்டைச் சற்று உள்பக்கமாக மடக்குங்கள். மணிக்கட்டின் நடுவில் நீளமாக ஒரு தசைநாண் புடைத்து நிற்கிறதா? அது பால்மாரிஸ் லாங்கஸ் என்ற தசையுடையது. சிலருக்கு ஒரு கையில் இருக்கும், மறு கையில் இருக்காது. சிலருக்கு இரண்டிலுமே இருக்காது. இல்லாவிட்டாலும் கவலைப்பட ஒன்றுமில்லை, கையின் பிடி அதனால் குறைந்துவிடுவதில்லை. உடலின் வேறிடத்தில் அறுந்துபோன தசைநாணுக்குப் பதிலாக வைத்துத் தைக்க அறுவை மருத்துவர்கள் பல சமயம் எடுத்துக்கொள்வதும் இதைத்தான்.

இந்தத் தசைக்கு ஒரு புத்தகம் ஒரே வரியில் விளக்கம் சொல்லிவிடலாம்: மரத்தில் தொங்கிய முன்னோர்களுக்கு அது உதவியது, தரையில் இறங்கிய நமக்குத் தேவைப்படவில்லை. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. நல்ல புத்தகம் அந்த வரியோடு நிற்காது. மரத்திலேயே வாழும் ஒராங்குட்டானுக்கு இந்தத் தசை நன்றாக இருக்கிறது, பெரும்பாலும் தரையில் நடமாடும் கொரில்லாவுக்குப் பல சமயம் இல்லை என்று மற்ற இனங்களோடு ஒப்பிட்டுக் காட்டும். அந்த ஒப்பீடு வேறு மாதிரி வந்திருந்தால் கதையே விழுந்திருக்கும். ஒரு கதை விழுவதற்கு இடமிருந்தும் விழாமல் நிற்கிறதா என்பதுதான் நான் முதலில் பார்ப்பது.

எனக்கு மிகவும் பிடித்த சாட்சி கழுத்தில் இருக்கிறது. நாம் பேசும்போது குரல்வளையின் பெரும்பாலான தசைகளை இயக்குவது வேகஸ் என்னும் நரம்பின் ஒரு கிளை. வேகஸ் மூளையிலிருந்து புறப்பட்டு, குரல்வளைக்குப் பக்கத்திலேயேதான் கழுத்தில் இறங்குகிறது. அங்கேயே பிரிந்து நேராகப் போனால் சில சென்டிமீட்டரில் வேலை முடிந்துவிடும். ஆனால் அப்படிப் போவதில்லை. இடப்பக்கக் கிளை வேகஸோடு சேர்ந்து மார்பு வரைக்கும் இறங்குகிறது. இதயத்திலிருந்து வளைந்து வரும் பெருந்தமனியின் அடியில் புகுந்து, மூச்சுக்குழாய்க்கும் உணவுக்குழாய்க்கும் நடுவிலுள்ள பள்ளம் வழியாக மறுபடி மேலே ஏறி, கடைசியில்தான் குரல்வளைக்கு வந்து சேர்கிறது. வலப்பக்கக் கிளை அவ்வளவு தூரம் இறங்காது. கைக்குப் போகும் தமனியைச் சுற்றிக்கொண்டு திரும்பிவிடும்.

இந்த நரம்பு மருத்துவத்துக்குப் புதிதல்ல. கி.பி. இரண்டாம் நூற்றாண்டிலேயே கேலன் என்ற மருத்துவர், கதறிக்கொண்டிருக்கும் பன்றியின் இந்த நரம்பை வெட்டினால் சத்தம் நின்றுபோவதைப் பலர் முன்னிலையில் செய்து காட்டினார். இன்றும் தைராய்டு அறுவை செய்பவர்கள் கத்தியை நகர்த்துமுன் இந்த நரம்பு எங்கே ஓடுகிறது என்று தேடிப் பார்க்கிறார்கள். குரல் கம்மிப்போய் வாரக்கணக்கில் சரியாகாதவருக்கு மார்பையும் படம் எடுத்துப் பார்க்கிறார்களே, அதற்கு ஒரு காரணம் இந்தச் சுற்றுவழி. நெஞ்சுக்குள் ஒரு கட்டியோ புடைத்த தமனியோ நரம்பை அழுத்தினால் குரல் போகும்.

சரி, ஏன் இந்தச் சுற்று? விடை மீனிடம் இருக்கிறது. மீனுக்குக் கழுத்து கிடையாது. இதயம் செவுள்களுக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. செவுள் வளைவு ஒவ்வொன்றுக்கும் ஒரு ரத்தக்குழாய், அதை ஒட்டி ஒரு நரம்புக் கிளை என்று வரிசையாக அமைந்திருக்கும். கடைசி ரத்தக்குழாயின் பின்பக்கமாக நரம்பு போவதால் அங்கே எந்தச் சுற்றும் இல்லை, அது நேர்வழிதான். நம் கருவிலும் முதல் சில வாரங்களில் இதே வரிசை தோன்றுகிறது. பிறகு கழுத்து நீள்கிறது, இதயம் கீழே இறங்குகிறது. அப்படி இறங்கும் ரத்தக்குழாயின் பின்னால் மாட்டிக்கொண்ட நரம்பும் கூடவே இழுபடுகிறது. ஒட்டகச்சிவிங்கிக்கும் இதே கதைதான். அந்த நீண்ட கழுத்து முழுவதும் இறங்கி, திரும்ப ஏறி, பல மீட்டர் பயணம் செய்கிறது அதன் நரம்பு.

இதுவரை சொன்னதும் ஒரு கதையாக இருக்கலாம் அல்லவா? இதைக் கேளுங்கள். மிகச் சிலருக்கு வலது கைக்குப் போகும் தமனி வழக்கமான இடத்திலிருந்து கிளம்பாமல், பெருந்தமனி வளைவின் இடப்பக்கக் கோடியிலிருந்து தனியாகப் பிரிந்து, உணவுக்குழாய்க்குப் பின்னால் போகும். அவர்களுக்கு வலப்பக்க நரம்பை இழுத்துக்கொண்டு போக அந்த இடத்தில் ரத்தக்குழாய் இல்லை. அந்த நரம்பு சுற்றுவதே இல்லை, கழுத்திலேயே பிரிந்து நேராகக் குரல்வளைக்குப் போய்விடுகிறது. இழுத்தது ரத்தக்குழாய்தான் என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்? வகுப்பில் இதைச் சொல்லும்போது மாணவர்களின் முகம் மாறுவதைப் பார்க்கிறேன். கதை, சாட்சியாக மாறும் இடம் அதுதான்.

இந்த வகையில் முதலில் படிக்க நான் சொல்லும் புத்தகம், நீல் ஷூபின் எழுதி 2008இல் வந்த 'யுவர் இன்னர் ஃபிஷ்'. ஷூபின் மீன் புதைபடிவங்களை ஆராய்பவர். சிகாகோ பல்கலைக்கழகத்தில் மருத்துவ மாணவர்களுக்கு மனித உடற்கூறியலும் கற்பித்தார். மீனைத் தெரிந்தவர் மனித உடலைச் சொல்லித்தருவது எவ்வளவு பொருத்தம் என்பது அந்தப் புத்தகத்தின் ஒவ்வொரு அத்தியாயத்திலும் தெரிகிறது. அதில் எல்லாவற்றையும்விட முக்கியம், மீனுக்கும் நான்கு காலுள்ள விலங்குக்கும் இடைப்பட்ட டிக்டாலிக் என்ற புதைபடிவம் கிடைத்த விதம். நான்கு காலுள்ள விலங்குகள் மீன்களிலிருந்து வந்தன என்றால், இடைப்பட்ட உயிரினம் ஏறத்தாழ எந்தக் காலத்துப் பாறையில் இருக்க வேண்டும், அந்தப் பாறை எப்படிப்பட்ட நீர்நிலையில் படிந்ததாக இருக்க வேண்டும், உலகில் அது எங்கே வெளியே தெரிகிறது என்று முதலிலேயே கணக்குப் போட்டார்கள். வரைபடம் அவர்களைக் கனடாவின் வடகோடிக்குக் கொண்டுபோனது. பல கோடைகள் வெறுங்கையோடு திரும்பினார்கள். 2004இல் எல்ஸ்மியர் தீவில் அது கிடைத்தது. வயது சுமார் 37.5 கோடி ஆண்டுகள். மீனைப் போலச் செதிலும் துடுப்பும் இருந்தன. ஆனால் தலை தட்டை, தோளோடு ஒட்டாத கழுத்து, துடுப்புக்குள்ளே மேற்கை, முன்கை, மணிக்கட்டு எலும்புகளுக்கு இணையானவை. ஒன்றும் கிடைக்காமல் போயிருக்கலாம், தவறான காலத்துப் பாறையில் கிடைத்திருக்கலாம். தேடிய இடத்தில், தேடிய காலத்தில் கிடைத்தது.

ஆனாலும் அந்தப் புத்தகத்தை இன்று படிப்பவர் அட்டையில் உள்ள ஆண்டையும் பார்த்துக்கொள்ள வேண்டும். 2010இல் போலந்தின் ஒரு கல்குவாரியில் நான்கு காலுள்ள விலங்கின் தடங்கள் என்று சொல்லப்படும் பதிவுகளைப் பற்றி ஆய்வுக் கட்டுரை வெளியானது. அவை டிக்டாலிக்கைவிடப் பழையவை, சுமார் 39 கோடி ஆண்டு. அந்தத் தடங்கள் என்ன என்பதில் இன்னும் கருத்து வேறுபாடு உண்டு. அவை உண்மையில் நடந்த தடங்கள்தான் என்றால், டிக்டாலிக் நம் நேர் முன்னோர் இல்லை, அந்த முன்னோரின் நெருங்கிய உறவு. அதன் எலும்புகள் சொல்லும் செய்தி மாறவில்லை, கிளையில் அது உட்காரும் இடம்தான் மாறுகிறது. நம் இனத்துக்கு நெருங்கிய உறவாக இருந்து அழிந்துபோன நியாண்டர்தால் மனிதரைப் பற்றிய புத்தகங்களுக்கு ஆண்டு இன்னும் முக்கியம். அவர்களின் மரபணுத் தொகுதியின் முதல் வரைவை ஸ்வாந்தே பாபோவின் குழு 2010இல் வெளியிட்டது. ஆப்பிரிக்காவுக்கு வெளியே உள்ள மக்களின் மரபணுவில் ஏறத்தாழ 1 முதல் 2 சதவீதம் நியாண்டர்தால்களிடமிருந்து வந்தது என்பது இப்போது தெரியும். பாபோவுக்கு 2022இல் நோபல் பரிசு கிடைத்தது. 2010க்கு முன் எழுதப்பட்ட நல்ல புத்தகங்கள் சில, இரு இனங்களும் கலக்கவே இல்லை என்று உறுதியாகச் சொல்லும். எழுதியவர்களைக் குறை சொல்ல முடியாது. அன்றைக்கு இருந்த சாட்சி அவ்வளவுதான்.

அடுத்து நோய்களைப் பற்றிய புத்தகங்கள். இங்கேதான் எனக்குக் கவலை அதிகம், ஏனென்றால் படிப்பவர் அதை வைத்து வாழ்க்கையில் முடிவெடுக்கிறார். 1994இல் ராண்டால்ஃப் நெஸ்ஸியும் ஜார்ஜ் வில்லியம்ஸும் எழுதிய 'ஒய் வீ கெட் சிக்' இந்த வகைக்கு வழி திறந்த புத்தகம். உடல் ஏன் நோய்க்கு ஆளாகும்படி அமைந்திருக்கிறது என்று அது கேட்டது. இருமலும் காய்ச்சலும் பல சமயம் நோயே அல்ல, உடலின் தற்காப்பு என்று வாதிட்டது. காய்ச்சலுக்கு நல்ல சாட்சி உண்டு. 1975இல் வெளியான ஓர் ஆய்வில் பாலைவன இகுவானா என்ற வகைப் பல்லிகளுக்குக் கிருமியை ஏற்றி, வெவ்வேறு வெப்பநிலையில் வைத்தார்கள். பல்லி தானாக உடல் சூட்டை ஏற்றிக்கொள்ளாது, சூடான இடத்துக்கு நகர்ந்துதான் ஏற்றிக்கொள்ளும். சூட்டில் வைத்தவை அதிகம் பிழைத்தன, குளிர்ந்த இடத்தில் வைத்தவை அதிகம் இறந்தன. இதைப் படித்துவிட்டுக் குழந்தைக்கு நூற்றுமூன்று டிகிரி அடிக்கும்போது மருத்துவரிடம் போகாமல் இருக்காதீர்கள். பல்லிக்குக் கிடைத்த விடை உங்கள் வீட்டுக் குழந்தைக்கான மருந்துச் சீட்டு ஆகாது.

அரிவாள் செல் ரத்தசோகை என்ற பரம்பரை ரத்த நோய்க்கும் மலேரியாவுக்கும் உள்ள தொடர்பை எந்தப் புத்தகத்தில் படித்தாலும் தயங்காமல் நம்பலாம். 1954இல் ஆந்தனி ஆலிசன் காட்டியது அது. அந்த மரபணுவின் ஒரு பிரதி இருப்பவருக்குக் கடும் மலேரியாவிலிருந்து பாதுகாப்பு, இரண்டு பிரதி இருப்பவருக்கு நோய். மலேரியா பரவிய நிலப்பகுதிகளோடு அந்த மரபணு காணப்படும் இடங்கள் பெருமளவு ஒத்துப்போகின்றன. அதன்பின் எத்தனையோ பேர் திரும்பத் திரும்பச் சோதித்தும் அது நிற்கிறது.

சர்க்கரை நோய்க்குச் சொல்லப்படும் கதை அப்படி நிற்கவில்லை. 1962இல் ஜேம்ஸ் நீல் ஒரு கருதுகோள் சொன்னார்: பஞ்ச காலத்தில் கொழுப்பைச் சேமிக்க உதவிய மரபணுக்கள், உணவு தாராளமாகக் கிடைக்கும் காலத்தில் நோயைத் தருகின்றன. இது எங்கும் பரவிவிட்டது. புத்தகத்துக்குப் புத்தகம் நிரூபிக்கப்பட்ட உண்மையாக எழுதுகிறார்கள். உண்மையில் அது இன்னும் விவாதத்தில் இருக்கிறது. நீலும் பிற்காலத்தில் தன் முதல் வடிவத்தைத் திருத்தினார். டேனியல் லீபர்மேனின் 2013ஆம் ஆண்டுப் புத்தகம் 'தி ஸ்டோரி ஆஃப் தி ஹ்யூமன் பாடி', நம் உடல் பழகிய சூழலுக்கும் இன்றைய வாழ்க்கைக்கும் உள்ள பொருத்தமின்மையை விரிவாகப் பேசுகிறது. நடை, ஓட்டம், பாதம் பற்றி அவர் எழுதும் பக்கங்கள் எனக்கு மிகவும் பிடிக்கும். அப்படிப்பட்ட புத்தகத்தைக் கூட, இந்த வரி சோதித்துப் பார்த்ததா, பொருத்தமாக இருக்கலாம் என்று நினைத்ததா என்று பிரித்துக்கொண்டே படியுங்கள்.

குடல்வால் பற்றியும் சொல்லிவிடுகிறேன். 1871இல் டார்வின் அதைப் பயனற்றுச் சுருங்கிய மிச்சம் என்றார். பல புத்தகங்களில் இன்றும் அப்படியே இருக்கிறது. ஆனால் பாலூட்டிகளில் குடல்வால் தனித்தனியாக 30 தடவை அளவுக்குத் தோன்றியிருக்கிறது என்று ஒப்பீடுகள் காட்டுகின்றன. அதில் நோய் எதிர்ப்புத் திசு நிறைய இருக்கிறது. வயிற்றுப்போக்கில் குடல் கழுவப்பட்ட பிறகு நல்ல பாக்டீரியாக்கள் மீண்டும் பரவ அது ஒதுங்கிடமாக இருக்கலாம் என்று 2007இல் ஒரு கருத்து வந்தது. அதுவும் கருதுகோள்தான். வீங்கினால் எடுத்துவிட வேண்டியதுதான், அதில் மாற்றமில்லை.

அப்புறம், வயிற்றில் வளரும் கரு ஒரு கட்டத்தில் மீனாக இருக்கிறது, அதற்குச் செவுள் இருக்கிறது என்று எழுதியிருந்தால் அந்தப் பக்கத்தை மட்டும் நம்பாதீர்கள். கருவில் தோன்றுவது தொண்டை வளைவுகள். அவை மனிதரில் ஒருபோதும் செவுளாவதில்லை. தாடையாகவும் காதின் சிற்றெலும்புகளாகவும் குரல்வளைக் குருத்தெலும்பாகவும் மாறுகின்றன. மீனில் செவுளாகும் அதே வளைவுகள் என்பது உண்மை, அதுவே போதுமான அதிசயம்.

இன்னும் முடியாத ஒரு விஷயமும் உண்டு. உங்கள் மோவாயைத் தொட்டுப் பாருங்கள். கீழ்த்தாடையின் முன்பக்கம் இப்படி எலும்பு துருத்திக்கொண்டிருப்பது நம் இனத்தின் அடையாளம். சிம்பன்சிக்கு இல்லை, நியாண்டர்தால்களுக்கும் இப்படி இல்லை. மெல்லும் அழுத்தத்தைத் தாங்க என்கிறார்கள். பேச்சுக்காக நாக்கு அசைவதால் என்கிறார்கள். துணையைக் கவர என்கிறார்கள். எதற்காகவும் இல்லை, முகம் சிறுத்தபோது பல் வரிசை உள்ளே போய் அந்த எலும்பு மட்டும் மிச்சமாக நின்றது என்றும் சொல்கிறார்கள். நான் இப்போதைக்குக் கடைசி விளக்கத்தின் பக்கம் சாய்கிறேன். மெல்லுவதற்காக என்றால், நம்மைவிடக் கடினமாக மென்ற முன்னோர்களுக்கு அது ஏன் இல்லை என்ற கேள்விக்குப் பதில் வேண்டும். மோவாய்க்கு ஒரே ஒரு விளக்கம் மட்டும் தரும் புத்தகம் கையில் கிடைத்தால், மற்ற மூன்றையும் அதன் ஓரத்தில் பென்சிலால் எழுதி வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

நன்றி நேயர்களே, வணக்கம்.