இசபெல்லா ஆண்ட ஓராண்டு

அனைவருக்கும் வணக்கம்.

இசபெல்லா தெஸ்தே என்ற பெயரை ஓவியங்களை ஒட்டித்தான் பெரும்பாலும் கேள்விப்பட்டிருப்பீர்கள். லியொனார்டோ அவரை வரைந்தார், டிஷியன் வரைந்தார், மான்டெக்னா அவருடைய அறைக்குப் படம் தீட்டினார். எல்லாம் உண்மைதான். ஆனால் நான் பேச வந்தது 1509 ஆகஸ்டில் தொடங்கும் ஓராண்டைப் பற்றி.

அதற்கு முன் கொஞ்சம் பிறந்த வீட்டுக் கதை. 1474இல் இத்தாலியின் ஃபெர்ராரா என்ற குறுநாட்டில், அதை ஆண்ட பிரபுவின் மூத்த மகளாகப் பிறந்தார். ஆறு வயதிலேயே மான்டோவாவை ஆண்ட கொன்சாகா குடும்பத்துப் பிரான்செஸ்கோவுக்கு நிச்சயம் ஆகிவிட்டது. பிறகு மிலானை ஆண்ட லுடோவிகோ ஸ்ஃபோர்சாவும் பெண் கேட்டார். வாக்குக் கொடுத்தாயிற்றே! தங்கை பியாட்ரிசைக் கொடுத்தார்கள். அந்தத் தங்கை 21 வயதில் பிரசவத்தில் இறந்துபோனாள். இசபெல்லா 1490இல், 15 வயதில், புகுந்த வீட்டுக்கு வந்தார்.

சரி, 1509க்கு வருவோம். வெனிஸோடு நடந்த போரில் பிரான்செஸ்கோ சிறைபட்டார். சின்ன நாடு, சுற்றிலும் பெரிய படைகள், தலைவன் இல்லை. அந்த ஓராண்டு நாட்டை நடத்தியது இசபெல்லாதான். காவலைப் பலப்படுத்தினார், ஒவ்வொரு அரசவைக்கும் எழுதினார், கணவரை மீட்கப் பேரம் பேசினார். ஆனால் நேச நாடான புனித ரோமப் பேரரசின் பேரரசர் மாக்சிமிலியன், ஒன்பது வயது மகன் ஃபெதரிகோவைப் பிணையாகக் கேட்டார். தாய்ப்பாசம் அறிந்த யாருக்கும் இது கொடுமை, இவனைப் பிரிப்பது எங்கள் உயிரையே பறிப்பது என்று எழுதி மறுத்தார் இசபெல்லா. சிறையிலிருந்த கணவருக்குக் கோபம். தான் வெளியே வருவதற்கு மனைவியே தடை என்று நினைத்தார். கடைசியில் பையன் போப் இரண்டாம் ஜூலியஸிடம் பிணையாக ரோமுக்குப் போனான். 1510 ஜூலையில் பிரான்செஸ்கோ விடுதலையானார். மகனைக் கொடுக்காமல் எவ்வளவு தூரம் இழுக்க முடியுமோ அவ்வளவு தூரம் இழுத்துப் பார்த்தவர் அந்தத் தாய். எனக்கு அவர்மேல் மரியாதை பிறந்த இடம் இதுதான்.

இதெல்லாம் நமக்கு எப்படித் தெரியும்? கடிதம் கிளம்புமுன் செயலர் அதை ஒரு நோட்டில் பிரதி எடுத்து வைப்பார். அப்படி 12,000க்கும் மேற்பட்ட கடிதங்கள் மான்டோவா ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. அவற்றில் இன்னொரு கடிதமும் உண்டு. 1491இல், வெனிஸிலிருக்கும் முகவருக்கு எழுதியது. தனக்கு ஒரு கறுப்புச் சிறுமி வேண்டுமாம், நாலு வயதுக்கு மேற்படாமல், முடிந்த அளவு கறுப்பாக. பொம்மை வாங்கச் சொல்வதுபோல ஒரு குழந்தையை வாங்கச் சொல்கிறார். அந்தக் குழந்தைக்கும் ஒரு தாய் இருந்திருப்பாள். இதைச் சொல்லாமல் விட்டால் நான் பாதி மனுஷியைத்தான் உங்களுக்குக் காட்டியதாகும்.

விடுதலையாகி வந்த பிறகும் கணவருக்கு மனம் ஆறவில்லை. எப்போதும் தன் இஷ்டப்படி நடக்கும் பெண்ணுக்குக் கணவனாக இருப்பது வெட்கம் என்று எழுதினார். 1513இல் இசபெல்லா பதில் எழுதினார். எந்தக் கணவனும் மனைவிக்குப் படாத கடன் நீங்கள் எனக்குப் பட்டிருக்கிறீர்கள். உலகில் வேறு யாரையும்விட என்னை அதிகமாக நேசித்தாலும், மதித்தாலும், என் விசுவாசத்துக்கு அது ஈடாகாது. அந்த வரிகளும் இன்றுவரை நிலைத்திருக்கின்றன.