காது கேக்காத பிள்ளைக்கு நாம காட்டாம விடுற ஆக்கள்

[திரை: கல்லடிக் கடற்கரை, பின்னேரம். நாலைஞ்சு பேர் வட்டமா நிண்டு கைமொழியில கதைக்கிறாங்க.]

ஒரு பிள்ளைக்குக் காது கேக்கல்ல எண்டு தெரிஞ்சா நம்மட ஊர்ல என்ன நடக்கும்? மட்டக்களப்பு போதனா வைத்தியசாலைக்குத் தூக்கிக்கொண்டு ஓடுவம். சோதனை எடுப்பம். கடன்பட்டாவது காதுக்கு மெஷின் வாங்குவம். மாமாங்கேஸ்வரருக்கு நேர்த்தி வைப்பம். கல்முனைப் பக்கமெண்டா கடற்கரைப் பள்ளிவாசல் கொடியேத்தத்துக்குப் போய் நேந்துகொள்ளுவம். இதில ஒண்டும் பிழையில்ல. ஆனா, காது கேக்காமலே வளந்து, தொழில் பாத்து, கலியாணம் முடிச்சு, குடும்பம் நடத்துற ஒரு பெரிய ஆளிட்ட அந்தப் பிள்ளையக் கொண்டு போய்க் காட்டுறமா? இல்ல. அப்பிடி ஆக்கள் பக்கத்து ஊர்லயே இருந்தாலும் போறதில்ல.

இந்த வீடியோ அந்த ஆக்களப் பத்தினது. கேக்கிறவங்களுக்காகச் செய்தது. எண்டாலும் கீழ எழுத்து ஓடும், ஓரத்தில கைமொழியும் வரும். அவங்களப் பத்திச் சொல்றத அவங்களும் பாத்து, சரி பிழை சொல்ல வேணும்.

முதல்ல ஒரு வித்தியாசத்தத் தெரிஞ்சுகொள்ளுங்க. வயசு போய்க் காது மந்தமான அம்மம்மாவுக்கும், சண்டைக் காலத்தில ஷெல் விழுந்து கேள்வி போனவருக்கும் தமிழ் காதாலதான் வந்தது. அவங்களுக்கு ஒண்டு இருந்து இல்லாமப் போயிருக்கு. பிறவியிலேயே கேக்காதவர் அப்பிடியில்ல. அவருக்கு உலகம் தொடக்கத்திலிருந்தே கண்ணால வந்தது. சத்தம் இல்லையெண்ட ஏக்கம் அவரிட்ட இருக்கும் எண்டு நாமதான் நினைச்சுக்கொள்ளுறம். அவரக் கேட்டா வேற குறை சொல்லுவார்: வீட்டில எல்லாரும் சிரிக்கக்க, ஏன் சிரிக்கிறீங்க எண்டு கேட்டா, "மறுகா சொல்றன்" எண்டு சொல்லிப்போட்டு விட்டுர்றாங்க. அந்த மறுகா வாறதேயில்ல.

[திரை: ஒரு பெண்ணின் முகமும் கைகளும், கிட்டத்தில்.]

கைமொழி எண்டா தமிழக் கையால காட்டுறதில்ல. அதுக்கெண்டு தனி இலக்கணம் இருக்கு. 1960ல வில்லியம் ஸ்டோக்கோ எண்ட அமெரிக்க அறிஞர், ஒவ்வொரு சைகையும் கையிட வடிவம், அது நிக்கிற இடம், அசையிற விதம் எண்ட சின்னச் சின்ன உறுப்புகளால கட்டப்பட்டது எண்டு எழுதிக் காட்டினார். முகமும் இலக்கணம்தான். கன கைமொழிகள்ல, புருவத்த உயத்தினா "வந்தாரா?" எண்ட மாதிரிக் கேள்வி, சுளிச்சா "எங்க? ஏன்?" எண்ட மாதிரிக் கேள்வி. கதையில வாற ஆக்களுக்கு முன்னால இருக்கிற வெளியில ஆளுக்கொரு இடம் குடுத்து வைப்பாங்க. தம்பி இந்தப் பக்கம், கல்முனை அந்தப் பக்கம். பிறகு கை அந்த ரெண்டுக்கும் நடுவில ஓடினாலே தம்பி போயிட்டான்.

அதனால எழுத்துத் தமிழ் இவங்களுக்கு ரெண்டாம் மொழி. வாட்ஸ்அப்பில "நான் நாளை கடை போ நீ வா" எண்டு ஒரு மெசேஜ் வந்தா, படிப்பில்லாத ஆள் எண்டு முடிவு கட்டாதீங்க. வேற்றுமை உருபுகள ஒரு நாளும் காதால கேக்காத ஒருத்தர், வேற இலக்கணத்தில நினைச்சு உங்கட மொழியில எழுதியிருக்கிறார். நீங்க அவரிட மொழியில எவ்வளவு சொல்லுவீங்க?

உதட்டப் பாத்து விளங்கிக்கொள்ளுவாங்கதானே எண்டு கேக்கிறவங்க, கண்ணாடிக்கு முன்னால நிண்டு சத்தமில்லாம "படம்", "மடம்" எண்டு சொல்லிப் பாருங்க. பிறகு "பணம்", "மணம்", "மனம்". உதட்டில எல்லாம் ஒண்டுதான். மிச்சத்த அவங்க ஊகிக்கிறாங்க, நாள் முழுக்க. அந்தக் களைப்பு நமக்குத் தெரியாது.

[திரை: பழைய வகுப்பறை ஒன்றின் கோட்டோவியம்.]

அமெரிக்காவில கணக்கெடுத்துப் பாத்ததில, காது கேளாத பிள்ளைகள்ல 90 வீதத்துக்கும் மேல கேக்கிற தாய் தகப்பனுக்குப் பிறந்தவங்க. மற்ற மொழியெல்லாம் அம்மாட மடியில வருது. கைமொழி கனபேருக்குப் பள்ளிக்கூடத்து முற்றத்தில, கூட்டாளிமாரிட்ட இருந்துதான் வருது. மத்திய அமெரிக்காவில இருக்கிற நிக்கராகுவா நாட்டில இது உலகத்துக்கே கண்கூடாத் தெரிஞ்சது. 1970களிட கடைசி வரைக்கும் அங்க காது கேளாத பிள்ளைகள் வீட்டுக்குள்ள, ஆளுக்கொரு வீட்டுச் சைகையோட தனிச்சு இருந்தாங்க. தலைநகர் மனாகுவாவில பள்ளிக்கூடம் திறந்து ஒண்டாச் சேத்த உடனே, அந்தச் சைகைகளக் கலந்து, கொஞ்ச வருஷத்துக்குள்ள ஒரு புது மொழியையே அந்தப் பிள்ளைகள் உண்டாக்கிப்போட்டாங்க. பெரியாக்கள் ஆரும் படிப்பிக்கல்ல. பிள்ளைகள் ஒண்டு சேர்ந்தது போதுமாயிருந்தது.

அந்த மொழியத் தடுத்த கதையும் இருக்கு. 1880ல இத்தாலியில மிலான் நகரத்தில கூடின, காது கேளாதவங்கட கல்விக்கான மாநாடு, பேச்சாலதான் படிப்பிக்க வேணும், கைமொழி கூடாது எண்டு தீர்மானம் எடுத்தது. கையக் கட்டிக்கொண்டு இரு எண்டு எத்தனையோ நாட்டுப் பள்ளிக்கூடங்கள்ல பிள்ளைகள அடக்கினாங்க. அதே மாநாட்டுத் தொடர்ல கனடாவில நடந்த வான்கூவர் மாநாடு அதுக்கு வருத்தம் தெரிவிச்சது 2010ல. 130 வருஷம்! "கையக் காட்டாத, வாயால சொல்லு" எண்டு இண்டைக்கும் நம்மட வீடுகள்ல சொல்றவங்க, அந்தத் தீர்மானத்தத்தான் தெரியாமச் சொல்றாங்க. மெஷின் போடட்டும், பேச்சுப் பயிற்சியும் எடுக்கட்டும். கைமொழியும் சேத்துக் குடுங்க. மொழியில்லாமப் போற முதல் அஞ்சு வருஷத்தப் பிறகு திருப்பிக் குடுக்க ஏலாது.

[திரை: தேநீர்க் கடை மேசை. வட்டமா ஆக்கள்.]

இனி அவங்கட சபைக்குப் போனா எப்பிடி நடக்கிறது? கூப்பிட வேணுமெண்டா தோள்ல மெதுவாத் தட்டலாம், கையசைக்கலாம், மேசையத் தட்டலாம், லைட்ட அணைச்சுப் போடலாம். சாமான் எறியிறது, முகத்தப் பிடிச்சுத் திருப்புறது ரெண்டும் மரியாதையில்ல. கதைக்கக்க கண்ண எடுக்காதீங்க. நடுவில போன் பாக்கிறது, அவர் சொல்லக்க உங்கட காதப் பொத்திக்கொள்ளுற மாதிரி. ரெண்டு பேர் கைமொழியில கதைக்கிற நடுவால போக வேண்டி வந்தா, நிண்டு குனிஞ்சு மன்னிப்புக் கேட்டுக்கொண்டு நிக்காம சட்டெண்டு கடந்து போங்க. நிண்டாத்தான் மறைக்கும். "நல்லா உடம்பு போட்டுட்டீங்க" எண்டு நேராச் சொல்லுவாங்க, மனசில எடுக்காதீங்க. கண்ணால பாத்தத ஒளிக்காமச் சொல்றது அங்க பழக்கம். விடைபெறவும் நேரம் எடுக்கும். வீட்டில கைமொழி தெரிஞ்ச ஆள் இல்லாதவருக்கு, இந்தக் கூட்டத்த விட்டுப் போறது லேசில்ல.

அம்பாறையில சிங்களம், தமிழ், முஸ்லிம் எண்டு காது கேளாதவங்க சந்திச்சா, பள்ளிக்கூடத்துக்குப் பள்ளிக்கூடம் சைகை மாறினாலும் ஒருத்தர ஒருத்தர் பிடிச்சுக்கொள்ளுறாங்க. கைமொழி தமிழிட பிள்ளையுமில்ல, சிங்களத்திட பிள்ளையுமில்ல.

இன்னொண்டு. 2004 டிசம்பர் 26ல கடல் வந்தப்போ கரையில ஓடினவங்கள்ல கனபேர் சத்தம் கேட்டு ஓடினாங்க. இண்டைக்கும் வெள்ள எச்சரிக்கை கோயில், பள்ளிவாசல் ஒலிபெருக்கியிலயும் வருது. உங்கட ஒழுங்கையில காது கேளாத வீடு இருந்தா, போய்ச் சொல்லப் போறது ஆர் எண்டு மழைக்கு முதலே பேசி வையுங்க. காது கேளாதவரக் கிளினிக்குக்குக் கூட்டிக்கொண்டு போகக்க, டொக்டர் கூட வந்தவரப் பாத்துக் கதைச்சா, நோயாளியப் பாத்துக் கதைக்கச் சொல்லுங்க. மொழிபெயர்க்க அவரிட பத்து வயசுப் பிள்ளைய நிப்பாட்டாதீங்க. தாயிட வருத்தத்தத் தாய்க்கே சொல்ற பாரம் பிள்ளைக்கு வேணாம். 2016ல இலங்கை ஏற்று உறுதிப்படுத்தின ஐ.நா. மாற்றுத்திறனாளிகள் உரிமை உடன்படிக்கை, கைமொழியையும் செவிப்புலனற்றோர் பண்பாட்டையும் பேர் சொல்லியே ஏற்குது. இது உரிமை, உபகாரமில்ல.

பிள்ளைக்குக் கேள்வி குறைவு எண்டு இப்பதான் தெரிஞ்ச தாய் தகப்பன் ஆராவது பாத்துக்கொண்டிருந்தா: உங்கட பிரதேச செயலகத்தில சமூக சேவை உத்தியோகத்தரக் கேளுங்க, காது கேளாதவங்க எங்க கூடுறாங்க எண்டு. பிள்ளையையும் கூட்டிக்கொண்டு போங்க, நீங்களும் இருங்க, விளங்காட்டிலும் இருங்க. கொஞ்ச நாள் பழகினப் பிறகு பிள்ளைட சிரிப்பையோ, கன்னத்து மச்சத்தையோ பாத்து அவங்க ஒரு சைகைப் பெயர் வைப்பாங்க. அத நீங்களா வீட்டில இருந்து வைச்சுக்கொண்டு போகாதீங்க. அந்தப் பெயர அவங்கதான் தர வேணும்.